ஆமை முதுகில் இரண்டு பாதங்கள்

போலீஸ் ஸ்டேஷன் மேஜை மேல் ஓர் ஆமை உட்கார்ந்திருந்தது.

கருங்கல் ஆமை. வாட்டசாட்டமான ஆள்கூட மூச்சைப் பிடித்துத்தான் தூக்க வேண்டும். அதன் முதுகில் ஒரு பெண்ணின் இரண்டு பாதங்கள் இருந்தன. கொலுசு, விரல், நகம் எல்லாம் பொறுமையாகச் செதுக்கிய பாதங்கள். கணுக்காலுக்கு மேல் ஒன்றும் இல்லை. யாரோ ரம்பம் போட்டு அறுத்திருந்தார்கள்.

"ஆமை மேல ஏறி என்னைக்குப் போய்ச் சேர்றதுன்னு அந்தம்மாவுக்குப் பொறுமை போயிருச்சு மேடம்," என்றான் வீரபாண்டியன். "காலை மட்டும் இங்கே கழட்டி வச்சிட்டு டாக்சி பிடிச்சிட்டாங்க."

ராஜலக்ஷ்மி சிரிக்கவில்லை. அவர் சிரித்து அவன் பார்த்தது, டிராமிலிருந்து இறங்கும்போது அவன் குப்புற விழுந்த அன்றைக்குத்தான். இன்ஷூரன்ஸ் கம்பெனியில் பொய் க்ளெய்ம்களைப் பிடித்துப் பிடித்தே தலை நரைத்தவர். அந்த வேலையை விட்டுவிட்டு டாக்குரியா ரயில் ஸ்டேஷனுக்கு எதிரே மாடியறையில் துப்பறியும் ஆபீஸ் திறந்திருந்தார். வீரபாண்டியன் அங்கே உதவியாளன். கணவர் படத்துக்குக்கூட மாலை போட்டு அவன் பார்த்ததில்லை. அழுகிறவர்களுக்கு அந்த ஆபீஸில் தண்ணீர் கிடைக்கும், ஆறுதல் கிடைக்காது.

"இதைத்தான் பிணத்தின் இடுப்பில் கயிறு போட்டுக் கட்டியிருந்தார்கள், தீதி," என்றார் இன்ஸ்பெக்டர் பாதுரி. அவர் பேசியது வங்காளத்தில். "முகத்தைச் சுத்தியலால் நசுக்கிவிட்டார்கள். கைவிரல்களை நண்டு தின்றுவிட்டது. அடையாளம் என்று மிஞ்சியது சட்டை ஒன்றுதான். காலருக்கு உள்ளே நூலால் போட்ட ஒரு மயில்."

எழுபத்து மூன்றாம் வருஷத்து மழைக்காலம் அது. கல்கத்தாவில் அப்போது பிணம் கிடைப்பது ஒரு சேதியே இல்லை. ஆமையோடு கிடைத்ததால் பத்திரிகையில் நான்கு வரி வந்தது. கங்கைக் கரையில், படித்துறை ஓரத்தில், காலையில் தண்ணீர் இறங்கியதும் சேற்றில் மல்லாக்கக் கிடந்தவனைக் குளிக்க வந்தவர்கள் பார்த்திருந்தார்கள்.

அந்த நான்கு வரியை ராஜலக்ஷ்மி கத்தரித்து வைத்ததற்குக் காரணம் அந்த மயில். முந்தின நாள்தான் அன்னக்கிளி என்ற பெண் லேக் மார்க்கெட் மெஸ்காரர் சொல்லி அவரைத் தேடி வந்திருந்தாள். திருமுருகன்பூண்டிக்காரி. புருஷன் அருணாசலம் சிலை செதுக்குகிறவன். ஜம்புநாதன் என்ற புரோக்கர் வேலை இருக்கிறது என்று கல்கத்தாவுக்கு அழைத்துப் போய் எட்டு மாதம் ஆகிறதாம். முதலில் கடிதம் வந்தது. பிறகு அதுவும் நின்றது. யாரைக் கேட்பது என்று தெரியாமல் தனியாக ரயிலேறி வந்துவிட்டாள்.

"நானே தைச்சுப் போட்ட சட்டைங்கம்மா. காலருக்குள்ளாற மயிலு போட்டு உட்டிருக்கறனுங்க. எங்கூட்டுக்காரரைக் கண்டுபுடிச்சுக் குடுத்துருங்க," என்று அவள் கும்பிட்டபோது, "கண்டுபிடிச்சுத் தரேன்," என்று ராஜலக்ஷ்மி சொல்லியிருந்தார். அவர் சும்மா சொல்கிற ஆள் இல்லை.

இப்போது அவர் தனியாகப் பின்கட்டுப் பிணவறைக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். வீரபாண்டியன் கூடப் போகவில்லை. காலையில் சாப்பிட்ட இட்லி வயிற்றில் தங்க வேண்டும் என்பது அவன் கவலை.

"முகத்தைப் பாத்தீங்களா மேடம்?"

"முகம் எங்கே இருக்கு பாக்கறதுக்கு? காலைப் பாத்தேன்." கைக்குட்டையால் விரல்களைத் துடைத்துக்கொண்டு ஆமையிடம் வந்தார். "ஆமை மேலே நிக்கறவ யமுனை. கங்கைன்னா மகரத்து மேலே நிப்பா. கோயில் வாசக்கால்ல ரெண்டு பேரும் ஆளுக்கொரு பக்கமா நிப்பா. உள்ளே போறவா ஆத்துல குளிச்சுட்டுப் போறதா கணக்கு. இந்த யமுனையோட காலை வெட்டினவன் மீதியை எங்கேயோ நிறுத்தியிருக்கணுமே? காலில்லாம நிக்குமா?"

"மரக் கால் போட்டிருப்பான்."

"பாலிகஞ்ச்ல சிவராமகிருஷ்ணன் தெரியுமோல்லியோ? போன மாசம் ஊரைக் கூட்டிக் காபி குடுத்தார், ஆயிரம் வருஷத்துக் கங்கை எங்காத்துக்கு வந்திருக்கான்னு. கிளம்பு."

கிளம்பும்போது அவருடைய தோள்பையின் பிடி ஒரு பக்கம் அறுந்தது. ஒரு முடிச்சுப் போட்டு மாட்டிக்கொண்டார்.

சிவராமகிருஷ்ணன் பெரிய கம்பெனியில் டைரக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். பட்டு ஜிப்பா, விரல் நிறைய மோதிரம். அவர் வீட்டு ஹாலில் நாற்காலிகளைவிடச் சாமிகள் அதிகம். எல்லாம் ஏதோ ஒரு கோயிலில் பூஜை வாங்கிக்கொண்டிருந்தவை. இங்கே சிகரெட் புகை வாங்கிக்கொண்டிருந்தன.

நடுவில், தனி விளக்குப் போட்டு, அவள் நின்றாள். கறுப்புக் கல். இடுப்பை ஒரு பக்கம் ஒடித்து நின்ற நிலை. காலடியில் துதிக்கையும் மீன் வாலுமாக ஒரு மகரம்.

"கங்கா!" என்றார் சிவராமகிருஷ்ணன், பெற்ற பெண்ணை அறிமுகப்படுத்துகிற பெருமையோடு. "இவளைப் பாக்கறதுக்கு டெல்லிலேர்ந்து வரா."

"குடம் எங்கே?" என்றார் ராஜலக்ஷ்மி.

"என்னது?"

"கங்கை கையில நெறகுடம் இருக்கும். இவ அல்லிப்பூ வெச்சிண்டிருக்கா."

"பூ இருந்தா கங்கை இல்லேன்னு சட்டமா? எத்தனையோ விதம் உண்டு."

"வாஸ்தவம். பாண்டியா, அந்த மகரத்தோட வாயில விரலை விடு."

"கடிச்சா கம்பெனிதான் வைத்தியம் பாக்கணும்," என்று சொல்லிக்கொண்டே விரலை விட்டான். பற்களுக்குப் பின்னால் ஏதோ உருண்டது. மறுபடி தள்ளினான். மறுபடி உருண்டது. வாய்க்குள்ளேயே செதுக்கிய கல் குண்டு. வெளியே எடுக்க முடியாது, உள்ளே உருட்டலாம். சின்ன வயதில் ஊர்க் கோயில் யாளி வாயில் அவன் உருட்டாத குண்டா?

"மேடம்! இது நம்மூரு வேலை!"

"அதேதான். இந்தப் பக்கத்துச் சிற்பி ஒருத்தனும் மகரத்து வாயில குண்டு வெச்சு நான் பாக்கலை. ஆயிரம் வருஷத்துக்கு முந்தி வங்காளத்துல செதுக்கின மகரம் திருமுருகன்பூண்டி விளையாட்டை எங்கே கத்துண்டுது? கை சும்மா இருக்காம வெச்சுட்டான். பழக்கம்." சிலையின் கணுக்காலைக் குனிந்து பார்த்தார். கொலுசுக்குக் கீழே மயிரிழை போல ஓர் இணைப்பு ஓடியது. "அருணாசலம் நன்னாத்தான் ஒட்டியிருக்கான்."

சிவராமகிருஷ்ணன் உட்கார்ந்துவிட்டார். ஆனால் வெட்கப்பட்ட மாதிரித் தெரியவில்லை.

"யமுனையை எவன் சார் வந்து பாப்பான்?" என்றார் வீரபாண்டியனிடம், ஆணுக்கு ஆண் புரியும் என்பது போல. "கங்கைன்னா கன்னத்துல போட்டுக்கறான். ஜம்புநாதன்தான் யோசனை சொன்னான். ஆளையும் அவனே கொண்டுவந்தான். காலை வெட்டினா கல்லுக்கு வலிக்கவா போறது?"

"அந்தச் சிற்பி எட்டு மாசம் எங்கே இருந்தான்?" என்றார் ராஜலக்ஷ்மி.

"ஜம்புவோட குடோன்ல. ஆத்தங்கரையில. வெளியிலே விட்டா எவன்கிட்டேயாவது உளறிடுவான்னு பூட்டியே வெச்சிருந்தான். ஊருக்குப் போகணும்னு அழுதானாம். அதெல்லாம் எனக்கு எதுக்கு?"

"ஜம்புநாதன் இப்போ எங்கே?"

"மெட்ராஸ் போறேன்னான். ஆளையே காணும்."

வீரபாண்டியனுக்கு அந்த மனிதரின் பட்டு ஜிப்பாவைப் பிடித்து உலுக்க வேண்டும் போலிருந்தது. அந்த வேலையைப் பாதுரி மரியாதையாகவே செய்தார். ராஜலக்ஷ்மி போன் பண்ணியதும் ஜீப்பில் ஆமையோடு வந்தார். வெட்டுவாய் வெட்டுவாயோடு பொருந்துகிறதா என்று அளந்து பார்த்தார். பொருந்தியது. ரகசியத்தை மறைக்கச் சிற்பியைக் கொன்றதாகச் சொல்லிச் சிவராமகிருஷ்ணனை ஏற்றிக்கொண்டார்.

"இவர் தூக்குல தொங்கினா நான் ஒரு தேங்காய் உடைப்பேன் மேடம்," என்றான் வீரபாண்டியன், வெளியே வந்ததும். "ஆனாலும் படிச்ச முட்டாள். நாப்பது வருஷமா இந்த ஊர்ல இருக்கார். கடல் ஏறினா கங்கையும் படி வரைக்கும் ஏறும், கடல் இறங்கினா சேறு வரைக்கும் இறங்கும்னு சாயா விக்கிறவனுக்குக்கூடத் தெரியும். தண்ணி நெறைய நிக்கிறப்போ படியோரமாக் கல்லைக் கட்டிப் போட்டிருக்கார். விடிஞ்சதும் கடை விரிச்ச மாதிரி கிடக்குது."

"நாப்பது வருஷமா இருக்கறவருக்கு அது தெரியாமப் போகுமா?"

"பதற்றத்துல மறந்திருப்பார்."

ராஜலக்ஷ்மி நின்றார். கரியாஹாட் நடைபாதைக் கடைகளின் பக்கம் கையைக் காட்டினார். "ஒரு ஊசியும் நூல்கண்டும் வாங்கிண்டு வா. பை அறுந்துடுத்து. நீல நூல்."

"பை பழுப்பு நெறமாச்சே மேடம்?"

"நீலம்னா நீலம்."

வாங்கிக் கொடுத்தான். "நான் முன்னாடி போலீஸ் ஸ்டேஷனுக்குப் போறேன். நீ போய் அன்னக்கிளியை அழைச்சிண்டு வா," என்று டாக்சி ஏறிவிட்டார்.

லேக் மார்க்கெட் மெஸ் வாசலில் அன்னக்கிளி குளித்து, தலை வாரி, பொட்டு வைத்துத் தயாராக நின்றாள். மெஸ்காரரிடம் கெஞ்சி ஒரு பொட்டலம் அரிசிமுறுக்கு வாங்கி வைத்திருந்தாள்.

"கெடைச்சுட்டாருங்களா?"

எதற்கும் ஒரு நக்கல் வைத்திருக்கிறவன் வீரபாண்டியன். "வாங்கம்மா, ஒருத்தரைப் பாத்துச் சொல்லணும்," என்று மட்டும் சொன்னான். டிராமில் அவள் பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு, நொறுங்காமல் பார்த்துக்கொண்டே வந்தாள். அவனால் அந்தப் பக்கம் திரும்ப முடியவில்லை.

பிணவறையில் ராஜலக்ஷ்மியும் பாதுரியும் நின்றார்கள். சட்டைப் பொட்டலம் ராஜலக்ஷ்மி கையில் இருந்தது. பாதுரிக்குத் தமிழ் தெரியாது. மொழிபெயர்ப்பது வீரபாண்டியன் வேலை.

துணி முகத்தை மூடியிருந்தது. பாதங்கள் மட்டும் வெளியே தெரிந்தன. அன்னக்கிளி அவற்றைப் பார்த்தாள்.

வீரபாண்டியன் அந்த முகத்தைக் கவனித்துக்கொண்டுதான் இருந்தான். ஒரு கணம் அதில் விளக்கேற்றிய மாதிரி ஒரு வெளிச்சம் வந்தது. சந்தோஷம். சந்தேகமே இல்லை, அது சந்தோஷம்தான். அடுத்த கணம் அவள் கண் ராஜலக்ஷ்மி பிரித்துக்காட்டிய சட்டைக்குப் போனது. மயிலைப் பார்த்தது. வெளிச்சம் அணைந்தது. முறுக்குப் பொட்டலம் கீழே விழுந்தது.

"ஐயோ, என்ற சாமீ!" என்று நெஞ்சில் அடித்துக்கொண்டு சுருண்டு விழுந்தாள். "அவருதானுங்க! எங்கூட்டுக்காரருதானுங்க!"

வீரபாண்டியன் வங்காளத்தில் சொன்னான். பாதுரி எழுதிக்கொண்டார். அன்னக்கிளியின் கை தாலிக்குப் போனது. கயிற்றை அறுக்க இழுத்தாள்.

ராஜலக்ஷ்மி அந்தக் கையைப் பிடித்தார்.

"உசுரோட இருக்கறவனுக்கு எதுக்குத் தாலியை அறுக்கறே?"

அன்னக்கிளி கயிற்றை விடவில்லை.

"இந்தக் காலைப் பாரு பாண்டியா. சுண்டுவிரல்ல பூட்ஸ் கடிச்ச ஆணி. பாதம் வெண்ணெய் மாதிரி இருக்கு. கல்கொத்தறவன் நாள் முழுக்கத் தரையில ஒரு காலை மடிச்சு உக்காருவான். கணுக்கால்ல காய்ப்பு ஏறியிருக்கும். சில்லு தெறிச்சு முழங்கால் வரைக்கும் தழும்பு இருக்கும். இது ஜம்புநாதன். மெட்ராஸுக்கு இவன் போகலை." அன்னக்கிளி பக்கம் திரும்பினார். "நீ பாத்த உடனே தெரிஞ்சுண்டுட்டே. சந்தோஷப்பட்டே. அப்புறம் சட்டையைப் பாத்தே. அவன் சட்டையை அவனைத் தவிர வேற யார் இந்தப் பொணத்துக்குப் போட முடியும்? அதுவும் புரிஞ்சுது. அதான் அழறே."

"இல்லீங்க. அவருதானுங்க."

"ஆத்தங்கரை குடோன்ல எட்டு மாசம் ஜம்பு அவனைப் பூட்டியே வெச்சிருந்தான். ஜன்னல் வழியா அவன் பாத்ததெல்லாம் தண்ணி ஏறறதும் எறங்கறதும்தான். மத்தவா பொணம் முழுகணும்னு கல்லைக் கட்டுவா. இவன் பொணம் அடிச்சிண்டு போயிடக் கூடாது, விடிஞ்சா அதே எடத்துல ஊர் பாக்கணும்னு கட்டியிருக்கான். கட்டின கல்லும் அந்த ஆமை. சிற்பி செத்தான், ஆமை யார் சிலையோடதோ அவன் கொன்னான்னு நாம சொல்லணும். சொன்னோமே! காலைப் பாத்து சந்தேகம் வந்தும் நானே ஜீப்பைக் கூப்பிட்டு ஏத்திவிட்டேன்."

வீரபாண்டியனுக்குக் காது சுட்டது. படித்த முட்டாள் யார் என்று இப்போது தெரிந்தது. ஆனாலும் அந்தச் சிற்பி மேல் அவனுக்குக் கோபம் வரவில்லை. மிருகம் மாதிரிப் பூட்டி வைத்தவனைத்தானே அடித்தான்?

அன்னக்கிளி எழுந்து நின்றாள். கண்ணீர் நின்றிருந்தது. குரலில் கல் மாதிரி ஓர் உறுதி.

"நீங்க என்ன வேணும்னாலும் சொல்லுங்கம்மா. தாலி கட்டுன பொண்டாட்டி நான் சொல்லறேன். இது அவருதான். எழுதிக்கச் சொல்லுங்க."

அவள் சொன்னால் முடிந்தது. நசுங்கிய முகம், தின்ற விரல். மனைவி அடையாளம் காட்டிய பிணத்தை ஒரு கால் ஆணியை வைத்துக் கோர்ட் மாற்றாது. பாதுரி பேனாவை எடுத்தார்.

"சரி," என்றார் ராஜலக்ஷ்மி. குரலை இறக்கினார். "கடைசியா ஒண்ணே ஒண்ணு. இந்தச் சட்டையை நீதானே தைச்சே?"

"ஆமாங்க."

"என்ன நூல்?"

"வெள்ளைங்க. வீட்டுல அதுதானுங்களே இருந்துது."

"அவனுக்கு ஊசியிலே நூல் கோக்கத் தெரியுமோ?"

"எங்கீங்க! உளி புடிக்கற கைங்க அது. பொத்தான் போனாப் பின்னூசி குத்திக்குவாருங்க."

ராஜலக்ஷ்மி சட்டையை அவள் கையில் கொடுத்தார். நெஞ்சுக்கு நேரே இருந்த பொத்தானை யாரோ நீல நூலில் தைத்திருந்தார்கள். நெருக்கமான, நேர்த்தியான தையல். பெண் கை.

அன்னக்கிளி அதைத் தடவினாள். நகத்தால் நெருடினாள்.

"பூட்டித்தானே வெச்சிருந்தாங்கன்னு சொன்னீங்க?"

ராஜலக்ஷ்மி பதில் பேசவில்லை. பேசாமல் இருப்பதில் அவரை மிஞ்ச ஆளில்லை.

"நானு அங்க எட்டு மாசமா..." என்று ஆரம்பித்து அன்னக்கிளி நிறுத்திக்கொண்டாள். பிறகு வீரபாண்டியனைப் பார்த்தாள். "அந்தப் போலீஸ்காரருகிட்டச் சொல்லுங்க. இது எம்புருசன் இல்லீங்க. பூரியில எங்கூர்க்காரரு ஒருத்தரு கல்பட்டறை வெச்சிருக்காருங்க. சண்முகம்னு பேரு. அங்கதான் போயிருப்பாரு. வேற போக்கிடம் அவருக்குக் கெடையாதுங்க."

வீரபாண்டியன் வாயைத் திறக்கவில்லை. "சொல்லு," என்றார் ராஜலக்ஷ்மி. சொன்னான். பூரி என்ற சொல்லைப் பாதுரி இரண்டு தரம் கேட்டு எழுதிக்கொண்டு போனுக்கு ஓடினார்.

அன்னக்கிளி தாலிக் கயிற்றைக் கழுத்திலிருந்து கழற்றினாள். இந்த முறை யாரும் கையைப் பிடிக்கவில்லை. அதைச் சட்டைக்குள் வைத்துச் சுருட்டி, ஜம்புநாதனின் காலடியில் வைத்துவிட்டு வெளியே போனாள்.

மழை பிடித்துக்கொண்டது. டாக்சிக்கு நிற்கும்போது வீரபாண்டியன் ஏதாவது பேசினால் தேவலை என்று நினைத்தான்.

"பூட்டின குடோனுக்குள்ள பொத்தான் தைக்க எந்தப் பொம்பளை மேடம் போயிருப்பா? ஜன்னல் வழியாச் சட்டையைக் கழட்டிக் குடுத்து..."

நிறுத்தினான். ராஜலக்ஷ்மியின் தோளில் பை தொங்கியது. பிடியில் காலையில் போட்ட முடிச்சு அப்படியே இருந்தது. ஊசி படவே இல்லை.

அவன் அவர் முகத்தைப் பார்த்தான். அவர் தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மேடம்... அவன் அவளுக்குக் கடுதாசி போட்டிருப்பான். எல்லாம் அடங்கினதும் வந்து கூட்டிட்டுப் போயிருப்பான்."

"இருக்கலாம்."

"எட்டு மாசம் அடைச்சு வச்சவனைத்தானே கொன்னான்!"

"அது அவன் ஜட்ஜுகிட்ட சொல்லிக்கட்டும். சிவராமகிருஷ்ணன் மூஞ்சி எனக்கும் பிடிக்கலை. அதுக்காக அவர் செய்யாத கொலைக்குத் தொங்கணுமா?" டாக்சி வந்து நின்றது. ஏறி உட்கார்ந்து பையை மடியில் வைத்துக்கொண்டார். "புருஷனைக் கண்டுபிடிச்சுத் தரச் சொன்னா. கண்டுபிடிச்சுக் குடுத்துட்டேன். ஏறு பாண்டியா, நனையறே."

எதிர்ச் சுவரோரம் அன்னக்கிளி மழையிலேயே நின்றுகொண்டிருந்தாள். வீரபாண்டியன் டாக்சிக் கதவை வெளியிலிருந்தே சாத்திவிட்டு அவளை நோக்கி நடந்தான். அவளிடம் நீல நூலைப் பற்றிச் சொல்லப் போகிறானா, சொன்னால் அது அவளுக்கு இன்னும் பெரிய கொலையா என்று, பக்கத்தில் போய் நின்ற பிறகும் அவனுக்குத் தெரியவில்லை.

"பூரிக்கு எப்பங்க வண்டி?" என்று அவள் கேட்டாள். "புடிச்சாங்கன்னா, எந்தப் பொம்பளைன்னு ஒரு வார்த்தை அவரைக் கேக்கோணுங்க."